மாப்பிள்ளை இருக்கும் ஊர்

வாசல் கதவை உள்பக்கம் தாழ் போட்டுக்கொண்டாளா இல்லையா... சொல்லிவிட்டுத்தான் கிளம்பினார், செருப்பு மாட்டும்போது ஒரு தடவை, படியிறங்கிய பிறகு திரும்பிப் போய் இன்னொரு தடவை, யார் மணி அடித்தாலும் திறக்காதே, ஜன்னல் வழியாக எட்டிப் பார்க்காதே, வீட்டில் ஆளில்லை என்று நினைத்து அவர்களே போய்விடுவார்கள் என்று. மகளும் சரிப்பா என்றாள், ஆனால் அந்தச் சரிப்பாவில் ஓர் அவசரம், முதுகில் கை வைத்துத் தள்ளாத குறையாக ஓர் அவசரம் இருந்ததே, அது எதற்கு? இந்தப் பயணத்துக்குப் பதிவு செய்ததே அவள்தான், கோயில்கள், பழைய அரண்மனை, நெசவுக்கூடம், எல்லாம் ஒரே நாளில், வழிகாட்டி, மதியச் சாப்பாடு உட்பட, நீங்களும் அம்மாவும் ஒரு நாள் வெளிய போயிட்டு வாங்கப்பா, வீட்டுக்குள்ளேயே எவ்வளவு நாள்தான் இருப்பீங்க என்றாள், வீட்டுக்குள்ளேயே இருப்பது யார், அவரா? பேருந்து ஊரைத் தாண்டி வயல்களுக்கு நடுவே போய்க்கொண்டிருந்தது, பள்ளி ஆய்வாளராக இருந்து ஓய்வு பெற்றவர் அவர், அவர் வருகிறார் என்றால் முந்தின நாளே பள்ளிக்கூடச் சுவருக்கு வெள்ளையடித்து வைப்பார்கள், அப்படிப்பட்டவர் இன்று அடுத்தவர் ஓட்டுகிற வண்டியில், அடுத்தவர் நீட்டிய தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார், மனசு மட்டும் வீட்டு வாசலிலேயே நின்றது. அந்த மழை நாளும் இதே வாசல்தான், வாடகைக் காரிலிருந்து இரண்டு பெட்டிகளோடு இறங்கினாள், பெட்டியைப் பார்த்ததுமே விஷயம் விளங்கிவிட்டது, புருஷன் வீட்டிலிருந்து நாலு நாள் தங்க வருகிறவள் குளிர்காலத் துணியையும் சேர்த்துக் கட்டிக்கொண்டு வரமாட்டாள். முதலில் அவள் முகத்தைப் பார்த்தாரா, எதிர்வீட்டு ஜன்னலைப் பார்த்தாரா... ஜன்னல் மூடியிருந்தது, அது நன்றாக நினைவிருக்கிறது.

வழிகாட்டி ஒரு பெண், மகள் வயதுதான் இருக்கும், இடுப்பில் ஒலிபெருக்கிப் பெட்டி, காதோரமாக வளைந்து வந்த மைக், எழுந்து நின்று பேருந்தின் ஆட்டத்துக்கு ஏற்ப ஆடிக்கொண்டே பேசினாள். "அம்மாக்களே, அப்பாக்களே, நான் தலை எண்ண மாட்டேன், எனக்குக் கணக்கு வராது. ஒவ்வொரு இடத்துலயும் வண்டி கிளம்புறதுக்கு முன்னாடி 'பக்கத்து ஆள்?'னு கேப்பேன். உங்க பக்கத்துல உக்காந்திருந்தவங்க வந்தாச்சான்னு நீங்க பார்த்துச் சொல்லணும். நான் வந்துட்டேன்னு யாரும் தன்னைப் பத்தித் தானே சொல்லிக்கக் கூடாது, அது செல்லாது." இது என்ன வழக்கம், வருகைப்பதிவு என்றால் அவரவர் பெயருக்கு அவரவர் எழுந்து நிற்பதுதானே முறை என்று அவருக்குத் தோன்றியது, அதற்குள் பின்வரிசையிலிருந்து ஒரு கட்டைக்குரல், "என் சம்சாரம் வராட்டி நான் வாயே திறக்க மாட்டேன்மா, பரவாயில்லையா?" வண்டியே சிரித்தது. அந்தச் சம்சாரம் விசுக்கென்று எழுந்தாள், "இவரை நம்பினா நான் நடுக்காட்டுலதான் நிக்கணும், அக்கா, நீங்க வாங்க, நாம ரெண்டு பேரும் ஜோடி" என்று அவர் பக்கத்தில் இருந்த மனைவியின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு பின்னால் போய்விட்டாள், மனைவியும் அவரை ஒரு வார்த்தை கேட்கவில்லை, பையை எடுத்துக்கொண்டு போனாள். காலியான இடத்தில் கட்டைக்குரல்காரர் வந்து தொப்பென்று உட்கார்ந்தார். மருந்துக்கடை வைத்திருக்கிறாராம், கடையை மைத்துனனிடம் விட்டுவிட்டு வந்திருக்கிறாராம், ஏப்பம், தூக்கம், சர்க்கரை, எதைப் பற்றியும் பேசத் தயாராக இருந்தார். கடைசியில் அங்கேதான் வந்தார், எல்லோரும் வந்து சேருகிற இடத்துக்கு. "பிள்ளைங்க, சார்?" ஒரே பெண். "கட்டிக் குடுத்தாச்சா?" ஆயிற்று. "மாப்பிள்ளை?"

மாப்பிள்ளை வெளிநாட்டில் இருக்கிறார், பாலம் கட்டும் கம்பெனி, வடக்கே பனி பெய்கிற ஊர்... வாய் பாட்டுக்குச் சொல்லிக்கொண்டு போனது, தடங்கலே இல்லை. முதன்முதலில் தொலைபேசியில் அண்ணனிடம் சொன்னபோது நாக்கு ஒட்டிக்கொண்டது, அன்றைக்கு வெளிநாடு என்று மட்டும்தான் சொன்னார், அண்ணன் எந்த நாடு என்றார், நாடு வந்தது, அடுத்து தம்பி மனைவி எந்த ஊர் என்றாள், ஊர் வந்தது, ஒவ்வொருவரும் கேட்கக் கேட்க மாப்பிள்ளைக்கு வேலையும் வீடும் குளிர்ச்சட்டையும் வந்து சேர்ந்தன. "பொண்ணையும் கூட்டிட்டுப் போகலாமே?" விசா ஆகவில்லை, ஆகிவிடும், அதுவரைக்கும் எங்களோடு இருக்கட்டும் என்று மாப்பிள்ளைதான் வற்புறுத்தினார்... "தங்கமான மாப்பிள்ளை சார்" என்றார் மருந்துக்கடைக்காரர். ஆமாம், அங்கே மத்தியானமே இருட்டிவிடுமாம், காலையில் எழுந்ததும் வாசலில் கிடக்கும் பனியை மண்வெட்டியால் வாரிப் போட்டால்தான் வேலைக்கே போக முடியுமாம், பக்கத்து வீட்டுக் கிழவர் மண்வெட்டி இரவல் தருவாராம். மண்வெட்டி இன்றுதான் புதிதாக வந்தது. எங்கிருந்து வந்தது, அவருக்கே ஆச்சரியமாக இருந்தது. இது பொய்யா? பொய் என்பது ஒருவரை ஏமாற்றி எதையாவது பறிப்பதற்குச் சொல்வது, இதனால் யாருக்கு என்ன நஷ்டம்? மழை பெய்கிறது, வீட்டுப் பெண் நனையாமல் குடை பிடிக்கிறார், அவ்வளவுதான், தகப்பன் பிடிக்காமல் வேறு யார் பிடிப்பார்கள்.

முதல் கோயிலில் படிகள் அதிகம், கல் சுட ஆரம்பிக்கவில்லை. வழிகாட்டிப் பெண் மஞ்சள் குடையை உயர்த்திப் பிடித்தபடி முன்னால் போனாள், தூண்கள், தூண்களில் யாளிகள், யாளியின் வாய்க்குள் உருளுகிற கல் உருண்டை, எல்லோரும் விரலை விட்டு உருட்டிப் பார்த்தார்கள், இந்த மண்டபத்தை இன்ன அரசர் கட்டினார் என்றாள். தெற்குப் பக்கம் போனதும் அதே மண்டபத்தை அவருடைய மகன் கட்டினார் என்றாள். அவரால் பொறுக்க முடியவில்லை. "அம்மா, அந்தப் பக்கம் நிக்கும்போது அப்பா கட்டினார்னு சொன்னீங்க." அவள் மைக்கைக் கையால் மூடிக்கொண்டு சிரித்தாள். "காலைல வர்றவங்களுக்கு அப்பா கட்டினது, சாயங்காலம் வர்றவங்களுக்கு மகன் கட்டினது. இன்னைக்கு நீங்க ரெண்டுக்கும் நடுவுல மாட்டிக்கிட்டீங்க அப்பா." சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள், அவர் சிரிக்கவில்லை, ஊருக்குச் சொல்கிற விஷயத்தில் பொறுப்பு வேண்டாமா, கேட்கிறவர்கள் அப்படியே நம்பிக்கொண்டு போகிறார்கள்... இதை மனைவியிடம் சொல்லலாம் என்று திரும்பினால் அவளைக் காணோம். தொலைவில், வெளிமண்டப நிழலில், மருந்துக்கடைக்காரரின் மனைவியோடு உட்கார்ந்திருந்தாள், பேசிக்கொண்டிருந்தாள். பேசிக்கொண்டிருந்தாள்! வீட்டில் உப்பு போதுமா என்றால்கூடத் தலையாட்டுகிறவள், இங்கே கை விரல்களை விரித்தும் மடக்கியும் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தாள், அந்த அம்மாள் இவள் முழங்காலில் கை வைத்திருந்தாள். முட்டிவலியைப் பற்றி இருக்கும். மருந்துக்கடைக்காரர் மனைவியிடம் வேறு எதைப் பேசுவாள், முட்டிவலியைத்தான் சொல்லியிருப்பாள்.

நெசவுக்கூடத்தில் தறிச் சத்தம் காதை அடைத்தது, அதைச் சாக்காக வைத்துக்கொண்டு முற்றத்துக்கு வந்து மகளுக்குப் போன் செய்தார். மணி போய்க்கொண்டே இருந்தது, எடுக்கவில்லை, ஏன் எடுக்கவில்லை, யார் வந்திருக்கிறார்கள், நம்மை அனுப்பிவிட்டு யாரை வரச் சொல்லியிருக்கிறாள்... எடுத்தாள், மூச்சு வாங்கியது. "மாடியில இருந்தேன்ப்பா, துணி காயப் போட்டுக்கிட்டு."

"மொட்டை மாடியிலயா?"

"பின்ன, துணியை எங்க காயப் போடுவாங்க?"

"யாரும் பார்க்கலையே?"

"பார்த்தாங்கப்பா. எதிர்வீட்டு அக்கா கையை ஆட்டினாங்க. நானும் ஆட்டினேன்." அப்புறம், ஒன்றுமே நடக்காதது போல, "சாப்பிட்டீங்களா? அம்மாவை வெயில்ல நடக்க விடாதீங்க" என்றாள். வைத்துவிட்டாள். கையை ஆட்டினாளாமே, கையை! வேலைக்காரப் பெண்ணை நிறுத்தி, திரைச்சீலை தைத்து மாட்டி, உறவுக்காரர்கள் வந்தால் அவளைப் பின்னறையில் உட்காரவைத்து, இத்தனையும் கட்டிக் காத்தது ஒரு கையசைப்பில் போயிற்று... இல்லை, போகவில்லை, எதிர்வீட்டுக்காரிக்கும் விசா கதையைச் சொல்லிக்கொள்ளலாம், சொல்லலாம், ஆனால் அவள் திடுக்கிடவில்லையே, கையை அல்லவா ஆட்டியிருக்கிறாள், தெரியாத ஒன்றைத் திடீரென்று கண்டவள் கையா ஆட்டுவாள்? மதியச் சாப்பாட்டில் என்ன இருந்தது என்று கேட்டால் அவருக்குச் சொல்லத் தெரியாது. மருந்துக்கடைக்காரர் தன் தட்டிலிருந்து ஒரு வாழைப்பழத்தை எடுத்து அவர் பக்கமாக நகர்த்தினார், எதுவும் பேசவில்லை. காலையிலிருந்து வாய் ஓயாத மனுஷன் ஏன் பேசவில்லை?

அரண்மனையில் வாள்களும் பல்லக்குகளும் கண்ணாடிக்குப் பின்னால் இருந்தன, அரச குடும்பத்தின் படங்கள் வரிசையாக மாட்டியிருந்தன, எல்லா மருமகன்களும் மீசையோடு மாமனாருக்குப் பின்னால் நின்றார்கள். மருந்துக்கடைக்காரர் ஒரு படத்தின் முன்னால் நின்று, "இவர் மாப்பிள்ளையா, காவல்காரரா, ரெண்டும் ஒரே மாதிரிதான் நிக்கறாங்க" என்று சொல்லிக்கொண்டிருந்தபோது, தடித்த கண்ணாடி போட்ட ஓர் அம்மாள் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள். "ஐயா, காலைல வண்டியில நீங்க ஊர் பேர் சொன்னது காதுல விழுந்துச்சு. என் பையனும் அங்கதான் இருக்கான்! ஆத்துக்கு இந்தப் பக்கமா அந்தப் பக்கமா, உங்க மாப்பிள்ளை வீடு?" ஆறா? அந்த ஊரில் ஆறு இருக்கிறதா? பாலம் கட்ட ஆளை அனுப்பி வைத்தவர் ஆற்றைப் பற்றி யோசிக்கவே இல்லை. "அந்த... அந்தப் பக்கம்தான்" என்றார். "அந்தப் பக்கம் பூரா துறைமுகம் ஆச்சே!" என்றாள் அந்த அம்மாள், சந்தேகப்பட்டு அல்ல, வெகுளியாகத்தான், "எதுக்கு வம்பு, நம்பர் குடுங்க, பையன்கிட்ட இப்பவே சொல்றேன், தனியா இருக்கற பிள்ளைங்க, ஒருத்தருக்கொருத்தர் துணையா இருக்கட்டும்" என்று போனைத் திறந்து விரலைத் தயாராக வைத்துக்கொண்டாள். போனை எடுப்பதா, மறந்துவிட்டேன் என்பதா, கண் சரியாகத் தெரியவில்லை என்பதா... அப்போதுதான் அந்தக் கட்டைக்குரல், அவசரமே இல்லாமல்: "அம்மா, அந்த மாப்பிள்ளை இப்ப அங்க இல்லைங்க. போன மாசம்தான் வேற ஊருக்கு மாத்திட்டாங்க, புது நம்பர் இன்னும் வரலை. சார் காலைல வருத்தப்பட்டுக்கிட்டே வந்தாரே. நீங்க வாங்க, இங்க ஒரு தந்தப் பல்லக்கு இருக்கு, பார்த்தீங்களா?" அந்த அம்மாளின் தோளைத் தொடாத குறையாக அப்பால் அழைத்துப் போனார், திரும்பியே பார்க்கவில்லை.

சார் காலையில் அப்படி எதுவும் சொல்லவில்லையே. வேறு ஊர், புது நம்பர், எதுவுமே சொல்லவில்லையே... அவர் அப்படியே நின்றார். வகுப்பில் ஒரு பையனை எழுப்பிக் கேள்வி கேட்டால், விழித்துக்கொண்டு நிற்பான், பக்கத்துப் பையன் உதட்டை அசைக்காமல் விடையை ஊதுவான், எத்தனை ஊரில், எத்தனை வகுப்பில் பார்த்திருக்கிறார், ஊதுகிற பையனை ஒரே பார்வையில் கண்டுபிடித்து எழுப்பி நிறுத்திவிடுவார், அதில் அவர் கெட்டிக்காரர் என்று பெயர். இன்று ஊதப்பட்ட விடையோடு நிற்பது அவர். இந்த ஆளுக்கு எப்படித் தெரிந்தது? எப்படி என்ன எப்படி, மனைவி இந்த ஆளின் சம்சாரத்திடம் நிழலில் உட்கார்ந்து விரலை விரித்து விரித்துச் சொன்னாளே, அது முட்டிவலியா? எப்போதிலிருந்து தெரியும், மண்வெட்டிக்கு முன்பா பின்பா? காலையில் பொய் சொன்னபோது தெரியாது, சரி, ஆனால் முதல் கோயிலுக்குப் பிறகு, நெசவுக்கூடத்துக்குப் போகிற வழியில், மாப்பிள்ளைக்கு அங்கே சம்பளம் உயர்ந்ததையும் சொன்னாரே, அதற்கு இந்த மனுஷன், பெரிய கம்பெனிக்காரங்க அப்படித்தான் சார், திறமையை மதிப்பாங்க என்று தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டாரே... தெரிந்துகொண்டே கேட்டார். குழந்தை மண்ணில் சோறு ஆக்கி நீட்டினால் வாங்கிச் சாப்பிடுவது போலச் சப்புக்கொட்டுவோமே, அப்படி. திட்டியிருந்தால் திருப்பித் திட்டியிருக்கலாம். முகத்துக்கு நேராகச் சிரித்திருந்தால் வண்டியை நிறுத்தி இறங்கிப் போயிருக்கலாம். இரக்கப்பட்டவனை என்ன செய்வது? அண்ணன்கூட... அண்ணன் இப்போதெல்லாம் மாப்பிள்ளையை எதற்கு விசாரிப்பதில்லை? தம்பி மனைவி விசா வந்ததா என்று கேட்டு எவ்வளவு காலமாகிறது?

கடைசிக் கோயிலுக்குள் அவர் போகவில்லை. கால் வலிக்கிறது என்று சொல்லிவிட்டு வெளிப்படியில் உட்கார்ந்தார், மனைவியையும் போகவிடவில்லை, குடையும் கூட்டமும் உள்ளே மறைகிற வரைக்கும் காத்திருந்தார்.

"சொல்லிட்டே, இல்ல?"

"சொன்னேன்."

"முன்னப் பின்ன தெரியாதவங்ககிட்ட..."

"தெரிஞ்சவங்ககிட்ட சொல்லத்தான் நீங்க விடலையே" என்றாள். குரலை உயர்த்தவில்லை, முந்தானையால் கழுத்து வியர்வையைத் துடைத்துக்கொண்டே சொன்னாள். "வண்டியில எங்களுக்கு முன்சீட்டுல இருந்த அம்மாவும் காது குடுத்துக் கேட்டாங்க. அவங்க தங்கச்சி பொண்ணுக்கும் இப்படித்தானாம். ரெண்டு பேரும் நல்ல வார்த்தை சொன்னாங்க."

"நம்ம குடும்ப மானம் உனக்கு அவ்வளவு லேசாப் போச்சா?"

"உங்க மானத்தை நான் எங்க கொண்டுபோய்க் கொட்டினேன்? நான் என் பொண்ணைப் பத்திப் பேசினேன்." கோயிலுக்குள்ளே ஒலிபெருக்கி ஏதோ ஓர் அரசரின் பெயரைச் சொல்லியது. "அவ நம்மளை எதுக்கு இன்னைக்கு அனுப்பினான்னு தெரியுமா உங்களுக்கு?" அவருக்குத் தெரியவில்லை, தெரியவில்லை என்று சொல்லிப் பழக்கமும் இல்லை. "அவ தினமும் குளியலறையில குழாயைத் திறந்துவிட்டுட்டு அழுவா. உங்களுக்குக் கேக்கக் கூடாதுன்னு. இன்னைக்கு ஒரு நாளாவது வீடு முழுக்க நடந்து அழட்டும், சிரிக்கட்டும், மாடிக்குப் போகட்டும், என்ன வேணா பண்ணட்டும்னுதான் நானும் வாயை மூடிக்கிட்டுக் கிளம்பி வந்தேன்." குழாய்... அவர் கதவைத் தட்டியிருக்கிறார். தொட்டி காலியாகிறது, தண்ணீர் என்ன தெருவிலா ஓடுகிறது என்று, ஒரு நாள் அல்ல, பல நாள், கை முட்டியால் கதவை இடித்திருக்கிறார், உள்ளே உடனே குழாய் நின்றுவிடும், அதன் பிறகு ஒரு சத்தமும் வராது, சொன்ன பேச்சைக் கேட்கிறாள் என்று திருப்தியாகத் திரும்பி வருவார்.

திரும்பும்போது மனைவி அவர் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள், மருந்துக்கடைக்காரர் பின்னால் போய்விட்டார். வெளியே வெயில் தாழ்ந்துகொண்டிருந்தது, செங்கல் சூளைகள், கிடங்குகள், பெட்ரோல் பங்க், காலையில் பார்த்தவையெல்லாம் தலைகீழ் வரிசையில் வந்தன. மாப்பிள்ளை எத்தனை மணிக்கு எழுந்திருப்பார் என்று அவருக்குத் தெரியும், எந்தக் கடையில் ரொட்டி வாங்குவார் என்று தெரியும், மண்வெட்டியின் பிடி உடைந்தால் யார் வீட்டில் கேட்பார் என்றுகூடச் சொல்லிவிடுவார். நிஜமாக இருக்கிறானே ஒருவன், நிஜமான ஊரில், நிஜமான வீட்டில், அவன் என்ன செய்தான்? அடித்தானா? இன்னொருத்தியா? குடியா? அல்லது ஒன்றுமே செய்யாமல், பேசாமல், கொள்ளாமல்... எதனால் அவள் இரண்டு பெட்டிகளைக் கட்டினாள்? அவர் கேட்டதில்லை. அந்த மழை நாளிலிருந்து இன்று வரைக்கும், எப்போது திரும்பிப் போகிறாய் என்று கேட்டிருக்கிறார், யாரிடமாவது சொன்னாயா என்று கேட்டிருக்கிறார், ஏன் என்று கேட்கவில்லை. வேலைக்காலம் முழுவதும் கேள்வி கேட்டே சம்பளம் வாங்கியவர், ஆனால் அவை பதில் கையில் இருந்த கேள்விகள்.

"அவன் என்னதான் பண்ணான்?" என்றார், ஜன்னலைப் பார்த்துக்கொண்டே, தறியில் ஒரு நூல் அறுந்தது போல மெல்லிய குரலில்.

"அதை என்கிட்ட கேக்காதீங்க" என்றாள் மனைவி.

அவளிடம் கேட்கக் கூடாதென்றால் மகளிடம்தான் கேட்க வேண்டும். எப்படிக் கேட்பது? என்ன நடந்தது என்றால் விசாரணை மாதிரி இருக்கிறது. ஏம்மா வந்தே என்றால் எதற்கு வந்து தொலைத்தாய் என்று காதில் விழும். சொல்லும்மா என்றால்... இத்தனை நாள் சொல்லாதே என்று சொன்ன வாயால்? பின்வரிசையில் மருந்துக்கடைக்காரர் எதையோ சொல்லி யாரையோ சிரிக்கவைத்துக்கொண்டிருந்தார். அந்த ஆளுக்குத் தெரியும். அந்த ஆளின் மனைவிக்குத் தெரியும், முன்சீட்டு அம்மாளுக்குத் தெரியும், அவர்கள் மூலம் இந்நேரம் ஓட்டுநருக்கும் தெரிந்திருக்கலாம். எழுந்து நாலு வரிசை பின்னால் போனால் போதும், ஐயா, என் மகள் எதனால் வீட்டுக்கு வந்தாள், கொஞ்சம் சொல்கிறீர்களா என்று கேட்டுவிடலாம். அந்த மனுஷன் சொல்லியும் விடுவார், நோகாமல், தோளைத் தொடாத குறையாக.

அவர்களுடைய நிறுத்தம் வந்தது. வழிகாட்டிப் பெண், பார்த்து இறங்குங்கப்பா என்றாள். மனைவி முதலில் இறங்கினாள், அவர் படியில் கால் வைத்தபோது பின்னாலிருந்து ஒருவர் தட்டுத்தடுமாறி வருகிற சத்தம், மருந்துக்கடைக்காரர்தான், சட்டைக் கையை இறக்கிவிட்டுக்கொண்டே, காலையில் இருந்த கேலியெல்லாம் முகத்தில் இல்லாமல் வந்து நின்றார். "சார், உங்க பொண்ணைக் கேட்டதாச் சொல்லுங்க" என்றார். பொண்ணை. நாள் முழுக்க மாப்பிள்ளை மாப்பிள்ளை என்று பேசிவிட்டு, கடைசியில் ஒருவர் பெண்ணைக் கேட்டார். சொல்றேன் என்று வாய் சொல்லிவிட்டது. வண்டி போன பிறகும் தெருமுனையில் நின்றார், மனைவி நாலு எட்டு முன்னால் போய்த் திரும்பிப் பார்த்தாள். சொல்றேன் என்று சொல்லிவிட்டோமே, உன்னைக் கேட்டதாகச் சொல்லச் சொன்னார் ஒருவர் என்றால், யாருப்பா அவர் என்பாள், வண்டியில் பக்கத்தில் உட்கார்ந்து வந்தவர் என்று சொல்லலாம், அது உண்மைதான், அவருக்கு என்னை எப்படித் தெரியும் என்பாள், அம்மா சொன்னாள் என்று சொல்லலாம், அதுவும் உண்மை, அம்மா என்ன சொன்னாள் என்று கேட்பாள், நிச்சயம் கேட்பாள், அதற்கு... அதற்குத்தான் அவரிடம் ஒரு வார்த்தையும் இல்லை.